பதினெட்டாவது கண்

விருத்தாம்பாள் உட்கார்ந்து சாப்பிட்டு அவள் புருஷன் சிங்காரவேலே நாலைந்து தடவைதான் பார்த்திருப்பான். தட்டை இடது கையில் ஏந்திக்கொண்டு அடுப்புக்கும் வாசலுக்கும் நடந்தபடியே அள்ளிப் போட்டுக்கொள்வாள். நடுவில் கொடியில் கிடக்கும் துணியைத் திருப்பிப் போடுவாள், தெருவில் போகிறவளைக் கூப்பிட்டு ரெண்டு வார்த்தை பேசுவாள், சோறு தீர்ந்தது தெரியாமல் வெறும் தட்டைத் தடவுவாள். "அப்படி என்னா புள்ள, கால்ல நெருப்பா கட்டியிருக்குது?" என்பான் சிங்காரவேல். அவன் நேர் எதிர். உட்கார்ந்தால் உட்கார்ந்த இடம், படுத்தால் படுத்த இடம். இந்த ரெண்டையும் எந்தப் பொருத்தம் பார்த்துக் கட்டிவைத்தார்களோ, கட்டிவைத்தவர்களைத்தான் கேட்க வேண்டும்.

ஒரே ஒரு வேலைக்கு மட்டும் அவள் உட்காருவாள். விருத்தாசலத்தில் பீங்கான் ஷெட்டுகள் வரிசையாக நிற்கும் பேட்டையில், ஆதிநாராயணன் என்பவரின் ஷெட்டில், பொம்மைகளுக்குக் கண் எழுதுகிற வேலை. கிளி, நாய்க்குட்டி, செட்டியார், செட்டியாரம்மா என்று ஒரு நாளைக்கு முந்நூறு கண் எழுதுவாள். பிரஷ் கையில் இருக்கும்வரை கை நடுங்காது, கால் ஆடாது. கடைசிக் கண் முடிந்ததும் பிரஷ்ஷைக் கொண்டையில் செருகிக்கொண்டு எழுந்துவிடுவாள். சிங்காரவேல் அதே ஷெட்டில் மண் கரைக்கிறவன். தொட்டியில் மண்ணைக் கொட்டித் தண்ணீர் விட்டு, பால் பதம் வருகிறவரை பொறுமையாகக் கலக்கிக்கொண்டே இருக்க வேண்டும். அவனுக்கென்றே செய்துவைத்த வேலை.

கல்யாணமான பதினாறு வருஷத்தில் பதினோரு வாடகை வீடு பார்த்துவிட்டார்கள். ஒரு வீட்டுக்காரருக்கு இவள் தண்ணீர் இறைக்கிற சத்தம் ஆகாது. இன்னொருத்தி, ஆணி அடித்தால் சுவர் வலிக்கிற மாதிரி கத்துவாள். சட்டி பானையைத் தூக்கிக்கொண்டு தெருத்தெருவாக அலைந்தே இவளுக்கு இந்தக் கால் பரபரப்பு வந்தது என்பது சிங்காரவேலின் கட்சி. அவளைக் கேட்டால் வேறு சொல்வாள். ஒரு தரை வேண்டும். மூன்றே சென்ட் போதும். எவனும் வந்து எழுந்திரு என்று சொல்லாத தரை. அதில் காலை நீட்டி உட்கார்ந்து ஒரு வேளைச் சோறு தின்றால் இந்தக் கால் தானாக அடங்கிவிடும் என்பாள். அதையும் நின்றுகொண்டுதான் சொல்வாள்.

பேராசை ஒன்றும் இல்லை. அவளுக்கு வரவேண்டியதைத்தான் கேட்டாள். கம்மாபுரத்துக்குக் கிழக்கே கூரைக்காடு என்று ஒரு சின்ன ஊர் இருந்தது, அவள் பிறந்த ஊர். எண்பத்தைந்தில் நிலக்கரிச் சுரங்கத்துக்கு அந்த ஊரை எடுத்துக்கொண்டார்கள். குடும்பத்துக்கு மூன்று சென்ட் மாற்று மனை என்று ஒரு தாள் கொடுத்தார்கள். அப்பா தேவநாதன் அந்தத் தாளை மடித்து இடுப்பில் வைத்துக்கொண்டே போய்ச்சேர்ந்தார். ஒரே மகளான இவள் அதற்கப்புறம் ஆபீஸ் ஆபீஸாக நடந்தாள். தாள் மடிப்பு மடிப்பாகக் கிழிந்தது, மனை வரவில்லை.

ஊர் இருந்த இடத்தில் பெரும் பள்ளம். அந்தப் பள்ளத்திலிருந்து வருகிற வெள்ளை மண் லாரியில் ஏறி விருத்தாசலத்துப் பீங்கான் ஷெட்டுகளுக்கு வரும். ஒரு நாள் சிங்காரவேல் தொட்டிப் பக்கத்திலிருந்து கூப்பிட்டான். "இந்தா புள்ள, டிரைவரைக் கேட்டேன். உங்க ஊரு மண்ணு வந்திருக்குது, வந்து பாரு." அவள் வந்து ஒரு சிட்டிகை எடுத்து வாயில் போட்டுக்கொண்டாள். அதைச் சப்பிக்கொண்டே கண் எழுதத் திரும்பிப் போய்விட்டாள்.

மனுஷருக்குத் தாளாவது கிடைத்தது. கூரைக்காட்டு அய்யனாருக்கு அதுவும் இல்லை. கல்லை மட்டும் பெயர்த்துக் கொண்டுவந்து ரோட்டோரம் ஒரு வேப்பமரத்தில் சாய்த்து வைத்தார்கள். கோயில் தோப்பில் ஆள் உயரத்துக்கு நின்ற சுடுமண் குதிரைகள் பெயர்க்கும்போதே நொறுங்கின. அந்தக் குதிரைகளைச் செய்தவர் அவள் அப்பாதான்.

குயவர் வீட்டில் குதிரைக்கு ஒரு முறை உண்டு. உடம்பு, வால், கழுத்து மணி எல்லாவற்றையும் வீட்டிலேயே முடிக்கலாம். கண்ணின் கருமணியை மட்டும் வீட்டில் எழுதக் கூடாது. குதிரை நிற்கப்போகிற இடத்துக்கே தூக்கிப் போய் நிறுத்தி, அந்த இடத்து மண்ணில் ஒரு பிடி அள்ளி அதன் முகத்துக்கு நேரே பிடிக்க வேண்டும். அப்புறம்தான் கருமணி. கண் திறந்ததும் குதிரை முதலில் பார்ப்பது தன் மண்ணாக இருக்க வேண்டும். "இதுதான் உன் எடம்" என்று மூன்று தடவை சொல்ல வேண்டும். அப்படிச் சொல்லிவிட்டால் அந்த மண் சாமியுடையது, அதில் யாரும் ஒரு கீரை விதைகூடப் போடமாட்டார்கள். ஏழு வயதிலிருந்து அந்தப் பிடி மண்ணைக் கையில் பிடித்து நின்றவள் விருத்தாம்பாள்.

அதனால் ஷெட்டில் குதிரைப் பொம்மை வந்தால் மட்டும் அவள் ஒரு கள்ளத்தனம் செய்வாள். கருமணிக்கு நடுவில் எள்ளளவு வெள்ளையை விட்டுவிடுவாள். முழுசாகத் திறக்காத கண். வாங்கிப்போகிறவர்கள் அதை ஏதோ பளபளப்பு என்று நினைத்துக்கொள்வார்கள். இத்தனை வருஷத்தில் ஒருத்தரும் கேட்டதில்லை.

தொண்ணூற்றாறு வைகாசியில் கேட்டார்கள். புதுச்சேரியில் ஒரு ஹோட்டலுக்கு ஒன்பது குதிரை போயிருந்தது, ஒவ்வொன்றும் முழங்கால் உயரம், வெள்ளை வெளேரென்று. பத்தே நாளில் பார்சல் திரும்பி வந்தது. ஆதிநாராயணன் சீட்டை ஆட்டிக்கொண்டு வந்தார். நல்ல மனுஷர்தான், கோபம் வந்தால் மட்டும் காது சிவந்துவிடும்.

"என்னாம்மா இது? ஒம்போது குதிரைக்கும் கண்ணுல பூ விழுந்திருக்குதுன்னு எழுதியிருக்கான். குருட்டுக் குதிரைய வச்சிக்கிட்டு நான் என்னா பண்ணுவேன்? உக்காந்து நெரப்பிக் குடு."

"மொதலாளி, குதிரைக்கு அப்படி எழுதக் கூடாதுங்க."

"மோல்டுல ஊத்துன பொம்மைக்கு என்னாம்மா சாஸ்திரம்? இன்னைக்கு எழுதுனா சாயந்தரம் சூளையில வெப்பேன். நாளைக்கு மத்தியானம் லாரி வருது."

"நாளைக்கு எனக்கு லீவு வேணுமேங்க. மனை அளக்க சர்வேயர் வர்றாரு."

"குதிரைய முடிச்சிக் குடு. சூளை பிரிச்சதும் கெளம்பு, யாரு வேணான்னா?"

ஆமாம், மனை வந்துவிட்டது. பதினோரு வருஷம் கழித்து, கம்மாபுரம் பக்கம் அந்தப் பள்ளத்தை ஒட்டிய புதுக் காலனியில், அவள் பெயருக்கே. அந்த நினைப்பில் அவளுக்கு நாலு நாளாகத் தூக்கம் இல்லை. எள்ளளவு வெள்ளைக்காக லீவை விடுவாளா? வெளிச்சம் வருகிற பக்கம் என்று ஒன்பது குதிரையையும் ஷெட்டு வாசலைப் பார்க்க வரிசையாக நிறுத்தினாள். பட்டப்பகல். கதவுக்கு வெளியே ரோடு, ரோட்டுக்கு மேலே வானம். பிடி மண் இல்லை, மூன்று தடவை சொல்லவும் இல்லை. மடமடவென்று பதினேழு கண்ணை நிரப்பினாள். ஒவ்வொன்றும் நிரம்பும்போது முதுகில் ஒரு சில்லிப்பு ஓடியது. ஓடினால் ஓடட்டும் என்று இருந்துவிட்டாள்.

பதினெட்டாவது கண்ணுக்குப் பிரஷ்ஷைத் தூக்கியபோது சிங்காரவேல் ஆடி அசைந்து வந்து நின்றான். "சர்வேயரு ஆளு சொல்லிட்டுப் போறான் புள்ள. காலையில பத்து மணிக்கே வந்துருவாராம். ஆளு இல்லைன்னா கல்லு நட மாட்டாங்களாம்."

அவ்வளவுதான், பிரஷ் கொண்டைக்குப் போனது, அவள் எழுந்துவிட்டாள். பத்து மணிக்கு எப்படிப் போவது, யாரை அனுப்புவது, தாள் எங்கே, சீட்டு எங்கே என்று அலைந்ததில் ஒன்பதாவது குதிரையின் இடது கண் எள்ளளவு வெள்ளையோடு அப்படியே சூளைக்குள் போனது.

மறுநாள் வெள்ளிக்கிழமை காலையில் புருஷனை மொபெட்டில் ஏற்றிவிட்டாள். "கல்லு நட்டதும் அதுமேல கைய வையி மாமா. நான் வர்ற வரைக்கும் கல்ல வுட்டு நகரக் கூடாது. நகந்தேன்னு வையி, வூட்டுக்கே வராத."

"எந்த வூட்டுக்கு?" என்றான் அவன்.

"அதான், கட்டப்போறமே, அந்த வூட்டுக்கு."

பதினோரு மணிக்குச் சூளையைப் பிரித்தார்கள். கத்திரி வெயில், ஓர் இலை ஆடவில்லை. ஒன்பது குதிரையும் ஒரு தட்டில் நின்றபடி முற்றத்துக்கு வந்தன. கட்டிவைக்க வைக்கோல் எடுக்கத் திரும்பினாள். முதுகுக்குப் பின்னால் டீக்கடையில் கிளாஸ்கள் உரசுகிற மாதிரி ஒரு சத்தம். திரும்பிப் பார்த்தால் தட்டில் ஒரே குதிரைதான் நின்றது.

"எவன்டா தூக்குனது?" என்று ஆதிநாராயணன் கத்தினார். விருத்தாம்பாள் தரையைப் பார்த்தாள். வெள்ளைத் தூசியில் குளம்புத் தடம். தட்டுக்குப் பக்கத்தில் காசு அகலம், முற்றத்து நடுவில் கிண்ணம் அகலம், கேட்டைத் தாண்டி ரோட்டில் சோற்றுத் தட்டு அகலம். எல்லாம் கிழக்குப் பார்த்துப் போயிருந்தன.

"நான்தாங்க மொதலாளி. நான்தான் தொறந்து வுட்டுட்டேன்."

அவர் வாயைத் திறப்பதற்குள் காற்று வந்தது. வந்ததா அது! எதிர் ஷெட்டின் தகரக் கூரை காகிதமாய்ப் பறந்து நடுரோட்டில் விழுந்தது. வெயிலில் காயவைத்த ஆயிரம் பொம்மை ஒரே மூச்சில் உடைந்தது. கிழக்கே வானம் முட்ட வெள்ளைச் சுவர் ஒன்று சுழன்றது, மழைத் துளி இல்லை, இடி இல்லை, பீங்கானும் பீங்கானும் உரசுகிற சத்தம் மட்டும் பத்துக் கிலோமீட்டர் தாண்டி இங்கே கேட்டது. ரேடியோவில் ஒரு வார்த்தை சொல்லவில்லை. எங்கிருந்து சொல்வார்கள்? கடலில் பிறந்த புயலா இது?

"அதுங்க ஊருக்குப் போவுது" என்றாள் விருத்தாம்பாள். "கூரைக்காட்டு மண்ணு. தோப்பத் தேடிக்கிட்டுப் போவுது. அங்க தோப்பு ஏது? பள்ளத்தச் சுத்திச் சுத்தி வரும். அய்யோ, எங்க மாமாவ அங்கதான அனுப்பினேன்! கல்ல வுட்டு நகராதன்னு சொன்னேனே!"

சிங்காரவேலை எழுந்திரு என்றால் அரைமணி நேரம் ஆகும். நகராதே என்றால்? யோசிக்கவே வேண்டாம், அவன் நகர்ந்திருக்கமாட்டான். மிச்சமிருந்த ஒற்றைக் குதிரையை வாரி மடியில் கட்டினாள். கறுப்புச் சாய டப்பியை இடுப்பில் செருகினாள். ரோட்டில் இறங்கி ஓட ஆரம்பித்தவளைத் துரத்திக்கொண்டு ஆதிநாராயணன் ஸ்கூட்டரில் வந்தார். காது சிவப்பெல்லாம் போய் முகம் வெளுத்திருந்தது. "ஏறும்மா. எழுதச் சொன்னவன் நான்தான" என்றார்.

வழியெல்லாம் பனைமரங்கள் தலையில்லாமல் நின்றன. வைக்கோல் போர்கள் வானத்தில் மிதந்தன. கவிழ்ந்த பஸ்ஸிலிருந்து ஜனங்கள் ஜன்னல் வழியாக இறங்கிக் கம்பு வயலில் கும்பிட்டுப் படுத்திருந்தார்கள். காலனிக்கு ஒரு கிலோமீட்டர் முன்னால் வெள்ளைச் சுவர் ரோட்டை மறித்தது. ஆதிநாராயணன் வண்டியை நிறுத்தி, "இதுக்கு மேல என்னால ஆவாதும்மா" என்று தேம்பினார்.

அப்போதுதான் அவள் பார்த்தாள். தூசிக்குள் பனை உயரத்துக்கு ஒரு குதிரை போனது, பின்னால் இன்னொன்று, பின்னால் இன்னொன்று. உடம்பு தூசி, கண் மட்டும் கன்னங்கறேலென்று, அவள் எழுதிய கண். எட்டாவது போனதும் ஒரு இடைவெளி. காற்றில்லாத, வெயில் அடிக்கிற, ஒரு மாட்டு வண்டி அகலத்துக்கு இடைவெளி. அது ஒன்பதாவதின் இடம். அவள் மடியில் இருப்பதன் இடம்.

அடுத்த சுற்றுக்குக் காத்திருந்து எட்டாவது கடந்ததும் புகுந்து ஓடினாள்.

காலனியில் ஒரு ஈ காக்கை இல்லை. சர்வேயரும் ஆட்களும் எப்போதோ ஓடியிருந்தார்கள். வரிசை வரிசையாய் நட்ட கற்களில் ஒரே ஒரு கல்லை மட்டும் ஒரு வெள்ளை உருவம் கட்டிப் பிடித்துக் கிடந்தது. சட்டை முதுகில் இல்லை, ஒரு காதிலிருந்து ரத்தம் வழிந்தது. சுழல் ஒவ்வொரு சுற்றுக்கும் உள்ளே நெருங்கிக்கொண்டிருந்தது. பக்கத்து மனைக் கல் அவள் கண் முன்னாலேயே பிடுங்கிக்கொண்டு பறந்தது.

"மாமா! ஓடியிருக்கக் கூடாதா மாமா?"

சிங்காரவேல் ஒரு கண்ணை மட்டும் திறந்தான். "நீதான நகரக் கூடாதுன்ன."

அவளுக்கு அழுகை வெடித்துக்கொண்டு வந்தது. அவனை அடிக்கவும் வேண்டும், கட்டிக்கொள்ளவும் வேண்டும். அடித்தாள், அப்புறம் கட்டிக்கொண்டாள். தலைக்கு மேல் எட்டுக் குதிரையும் போயின. இவ்வளவு கிட்டத்தில் அந்தக் கண்களைப் பார்த்தபோது ஒன்று தெரிந்தது. அவற்றில் கோபம் இல்லை. எங்கே நிற்பது என்று தேடுகிற கண்கள். பதினோரு வீட்டுக்குச் சட்டி பானை தூக்கியவளுக்கு அந்தப் பார்வை தெரியாதா?

மடியிலிருந்து ஒன்பதாவதை எடுத்தாள். மனையின் நடுவில் நிறுத்தினாள். குனிந்து ஒரு பிடி மண்ணை அள்ளினாள். சிங்காரவேலுக்குப் புரிந்துவிட்டது. மெதுவான மனுஷன்தான், மண்டு இல்லை. கையும் காலுமாய்த் தவழ்ந்து வந்து அவள் மணிக்கட்டைப் பிடித்தான்.

"இது நம்ம வூடு புள்ள."

"தெரியும்."

"ரோட்டுல சாமிக் கல்லு இருக்குது பாரு, அந்த மரத்தடியில கொண்டுபோயி வையேன்."

"அது ரோட்டுக்காரங்க எடம் மாமா. நாளைக்கு அவங்க எழுந்திருன்னா இதுங்க மறுபடியும் எங்க போவும்? சொந்த மண்ணு வச்சிருக்கறவ குடுத்தாத்தான் நிக்கும்." மூச்சு வாங்கினாள். "காலையில பத்து மணியிலேருந்து எனக்குச் சொந்தம். குடுக்கறேன்."

அடுத்த கல் பிடுங்கிக்கொண்டு போனது. அவன் கையை விட்டான். விட்டதோடு நிற்காமல் அவள் கையிலிருந்த மண்ணைத் தன் கைக்கு வாங்கி, குதிரையின் முகத்துக்கு நேரே பிடித்தான். அவள் கொண்டையிலிருந்து பிரஷ்ஷை உருவினாள். உட்கார்ந்தாள். பதினெட்டாவது கண்ணின் எள்ளளவு வெள்ளையை நிரப்பினாள்.

"இதுதான் உன் எடம்." அடுப்பு எந்த மூலை, ஜன்னல் எந்தப் பக்கம் என்று அவள் மனசுக்குள் கட்டியிருந்த வீடு அந்த ஒரு வார்த்தையில் போய்விட்டது. "இதுதான் உன் எடம். இதுதான் உன் எடம்."

ஒன்பதாவது நின்றது. மேலே சுற்றிக்கொண்டிருந்தவற்றில் ஒன்று தலையைத் திருப்பியது. தூசி பொலபொலவென்று உதிர்ந்தது. பனை உயரம் வீட்டு உயரமாகி, ஆள் உயரமாகி, கிளாஸ் உரசுகிற சத்தத்தோடு ஒவ்வொன்றாக இறங்கி வந்து, முழங்கால் உயரப் பீங்கான் குதிரைகளாக அந்த மூன்று சென்டில் வரிசையாக நின்றன. அப்புறம் ஒரே வெயில்.

விழுந்த கூரைகளை மறுபடியும் போட ஒரு வருஷம் ஆனது. ஹோட்டல்காரனிடம் ஆதிநாராயணன் குதிரை உடைந்துவிட்டது என்று எழுதிப் போட்டார். இப்போதெல்லாம் எள்ளளவு வெள்ளையைப் பற்றி அவர் வாயே திறப்பதில்லை. வேப்பமரத்தடிக் கல்லைக் கூரைக்காட்டு ஜனங்கள் தூக்கி வந்து குதிரைகளுக்கு நடுவில் வைத்தார்கள். வெள்ளிக்கிழமை விளக்குப் போடுகிறார்கள், சிதறிப்போன ஊர் அன்றைக்கு ஒரு மணி நேரம் ஒன்றாக இருக்கிறது. விருத்தாம்பாளும் சிங்காரவேலும் பதின்மூன்றாவது வாடகை வீட்டில் இருக்கிறார்கள். வீட்டுக்காரருக்கு இவள் துணி துவைக்கிற சத்தம் பிடிக்கவில்லை.

இதோடு முடிந்திருந்தால் தேவலை. பதினேழு கண்ணும் சூளையில் வெந்தவை, ஜென்மத்துக்கும் அழியாது. பதினெட்டாவது கண் சூளை காணாதது, பச்சைச் சாயம். ஒரு நல்ல மழைக்குத் தாங்காது, கரைந்துவிடும். கரைந்தால் ஒன்பதாவதின் கால் தரையில் நிற்காது, அது நகர்ந்தால் மற்றவை நிற்குமா? ஆகவே மேற்கே மேகம் கறுத்தால் போதும், விருத்தாம்பாள் தட்டைப் போட்டுவிட்டு எழுந்துவிடுவாள். முன்னே கொடுத்தது கொடுத்ததுதான் என்று சாமியோடு சண்டை போட்டும் பார்த்துவிட்டாள். ஒவ்வொரு மழைக்கும் புதுசாக ஒரு பிடி மண் அள்ளி, புதுசாக மூன்று தடவை சொல்லி, அந்த மனையை மறுபடியும் கொடுக்க வேண்டும்.

போன ஐப்பசியிலும் அப்படித்தான். முதல் தூறலுக்கு அவள் வாசலுக்கு ஓடி வந்தால், சிங்காரவேல் மொபெட்டை ஏற்கனவே முறுக்கிக்கொண்டு நிற்கிறான். ஆயுசில் அவளுக்கு முந்தி அவன் கிளம்புகிறது இந்த ஒரு வேலைக்குத்தான். அவன் சட்டைப் பையில் சாய டப்பி, ஹேண்டில்பாரில் ஒரு தூக்குவாளி தொங்கியது.

"அதுல என்னா மாமா?"

"சோறு. மண்ணு புடிக்கறதுக்கு முன்னாடி அடுப்பு மூலையில கொஞ்சம் உக்காந்து தின்னுடு புள்ள. நீ மறுபடியும் குடுக்கற வரைக்கும் அது நம்ம எடம்தான?"

அவள் பின்னால் ஏறிக்கொண்டாள். மழையில் நனைந்தபடி, ஒன்பது குதிரையும் பார்த்துக்கொண்டிருக்க, அந்த மூலையில் காலை நீட்டி உட்கார்ந்து முழுச் சோறும் தின்றாள். அப்புறம் கையைக் கழுவிக்கொண்டு பிரஷ்ஷை எடுத்தாள்.